படத்தில் சொன்ன தலாக்

என் புருஷன் எனக்கு முத்தலாக் சொல்லிவிட்டார் என்ற செய்தியை அடுத்த வளவு வீட்டு நாச்சியா ராத்தாதான் கொண்டுவந்தாள். அப்போது நான் கிணற்றடியில் சூடை மீன் கழுவிக்கொண்டிருந்தேன்.

“புள்ள சுல்பிகா, கையக் கழுவிப்போட்டு வா.”

“என்னத்துக்கு?”

“கழுவிப்போட்டு வாகா. மீன் கையோட கேக்குற கதையில்ல இது.”

புருஷன் கடல் கடந்து மதராசில் இருக்கிறவளிடம் அப்படிச் சொன்னால் அவளுக்கு என்ன நினைப்பு ஓடும்? அவர் செத்துப்போனார், மௌத்துச் செய்தி என்றுதான் நான் எண்ணினேன். அது மௌத்து அல்ல. கல்முனைத் தியேட்டரில் திங்கட்கிழமை வந்த புதுப் படத்தில் அவர் வருகிறாராம். சபை நடுவில் நின்று, ‘முகைதீன்பாவாவின் மகள் சுல்பிகாவை’ என்று என் பேரையும் வாப்பா பேரையும் சேர்த்துச் சொல்லி, மூன்று தரம் தலாக் சொல்கிறாராம்.

“ஆரு பாத்த?”

“என்ட மனிசன் போகல்ல. போனவங்க சொன்னதக் கேட்டுட்டு வந்தவர்.”

அன்று அஸர் தொழுகைக்குள் மருதமுனை முழுக்க அந்தக் கதைதான். படம் பார்ப்பதைப் பாவம் என்கிற ஊர், படத்துக்குப் போனேன் என்று ஒருவரும் சொல்லவில்லை. ஆனால் போகாத ஐம்பது பேர் சந்திக்குச் சந்தி நின்று அந்தக் கட்டத்தை நடித்தே காட்டினார்கள். அந்தக் கடைசிச் சொல் வருகிற இடத்தில் மட்டும் எல்லோரும் வாயைப் பொத்திக்கொண்டார்கள். அவர்களுக்கும் வீட்டில் பெண்டாட்டி இருக்கிறாள் அல்லவா?

அவர் பேர் ஷரிபுதீன். சாய்ந்தமருதில் தையல்காரராக இருந்தவர். ஓர் உடுப்பை ஒரு தரம் பார்த்தால் போதும், அப்படியே வெட்டித் தைத்துவிடுவார். கல்யாணம் முடித்து எங்கள் வீட்டுக்கு வந்தபோது தையல் மெசினையும் மாட்டு வண்டிலில் ஏற்றிக்கொண்டு வந்தார். எங்கள் பக்கத்தில் வீடு பெண்ணுக்கு. மாப்பிள்ளைதான் வந்து குடியிருக்க வேண்டும். பகலெல்லாம் அவர் அளவெடுப்பார், நான் கொப்பியில் எழுதுவேன். வாயில் எந்நேரமும் ஏழெட்டுக் குண்டூசி இருக்கும். அவற்றை வலப்பக்க உதட்டில் கடித்துக்கொண்டு, இடது கடைவாயால் சத்தமே வராமல் அளவு சொல்வார். வந்தவர்களுக்கு ஒன்றும் விளங்காது. எனக்கு அவர் வாயைப் பார்த்தால் போதும். இடுப்பு இருபத்தாறு, முதுகு பதினாலு என்று கை தானாக எழுதிவிடும்.

மகள் நபீலாவுக்கு ஒரு வயதானபோது, மதராசில் படம் எடுக்கிற ஸ்டூடியோவில் உடுப்புப் பகுதிக்கு ஆள் தேவை என்று ஒரு துணி வியாபாரி சொன்னார் என்று புறப்பட்டார். நான் மறித்தேன். அழுதேன். கடைசியில் நானேதான் பெட்டி அடுக்கிக் கொடுத்தேன். நாலு வருஷத்தில் ஒரு தரம்தான் வந்து போனார். கடிதங்களில் எல்லாம் ராஜாவின் அங்கி, ராணியின் தாவணி, தளபதியின் கவசம். கவசத்தைக் கடதாசி மட்டையில் செய்து ஈயத்தாள் ஒட்டுவார்களாம்.

போன வருஷம் எழுதிய ஒரு கடிதத்தில், “ஒரு படத்தில் முஸ்லிம் பெண் பாத்திரம் வருகிறது. பேர் என்ன வைக்கலாம் என்று என்னைக் கேட்டார்கள். இங்கே நான் ஒருத்தன்தான் முஸ்லிம். உன் பேரையும் மாமாவின் பேரையும் எழுதிக் கொடுத்தேன்” என்றிருந்தது. நான் என்ன செய்தேன் தெரியுமா? அந்தக் கடிதத்தை நாச்சியா ராத்தாவுக்கு வாசித்துக் காட்டினேன். அவள் வழியாக ஊருக்கே தெரியும். என் பேரில் ஒருத்தி படத்தில் வருகிறாள் என்று இரண்டு மாதம் தலை கனத்துத் திரிந்தேன். என் வாய்தான் எனக்கு எதிரி.

அடுத்த கடிதம் இன்னும் விசித்திரம். “அந்தப் பெண்ணின் புருஷனாக நடிக்க வேண்டியவர் அளவு கொடுக்க வரவேயில்லை. நாள் போகிறதே என்று அவருடைய நீளக் கோட்டை என் உடம்புக்கே வைத்து வெட்டினேன். படம் பிடிக்கிற அன்றும் அவர் வரவில்லை. கோட்டு உனக்குத்தானே பொருந்துகிறது, நீயே நில் என்று விட்டார்கள். சின்ன வேஷம். நீ பார்க்கத் தேவையில்லை.”

நீ பார்க்கத் தேவையில்லை. அப்போது அதை நான் வெட்கம் என்று நினைத்தேன். இப்போது அந்த மூன்று சொல்லும் நெஞ்சைப் போட்டு அறுத்தன. அதற்குப் பிறகு நாலு மாதமாகக் கடிதமும் இல்லை.

மஃரிபுத் தொழுகைக்குப் பிறகு மீராசாஹிபு லெப்பை எங்கள் வீட்டுக்கு வந்தார். பள்ளிவாசலில் தொழுவிக்கிறவர், ஊரின் நிக்காஹ், தலாக் எல்லாம் அவர் கையால்தான். தறியில் சாரம் நெய்துகொண்டிருந்த வாப்பா எழும்பவே இல்லை. கால் மிதியில் இருந்தபடியே நின்றுவிட்டது. நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டேன்.

“தலாக்கில விளையாட்டு இல்ல முகைதீன்பாவா. பகிடிக்குச் சொன்னாலும் விழும் எண்டு மார்க்கக் கிதாபில இரிக்கி. அதிலயும் பேர் சொல்லி, வாப்பாட பேர் சொல்லிச் சொல்லிரிக்கான்.”

“அவன் வேலைக்குத்தானே சொன்ன, லெப்பை?”

“அதத்தான் பாக்கணும். வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிய என்ட வீட்ட கூடுவம். காதி நீதவானிட்டப் போக முதல் நம்மளுக்குள்ள ஒரு முடிவு வேணும்.” லெப்பை மெசினைப் பார்த்தார். “விழுந்திட்டெண்டா, அவன்ட சாமான் அவன்ட உம்மாட வீட்டுக்குப் போகணும்.”

எங்கள் ஊரில் ஒரு கல்யாணம் முறிந்ததை ஊர் அப்படித்தான் அறியும். மாப்பிள்ளையின் சாமானை வண்டிலில் ஏற்றி அவன் உம்மா வீட்டுக்கு அனுப்புவார்கள். அவருடைய சாமான் என்று எங்கள் வீட்டில் இருந்தது அந்த மெசின் ஒன்றுதான். நான் தினமும் துடைத்து எண்ணெய் விட்டு வைத்திருந்தேன். அன்று பார்க்கிற நேரமெல்லாம் அது வண்டிலில் ஏறிப் போவது போலவே தெரிந்தது.

லெப்பை போனதும் வாப்பா சொன்னார், “என்ட பேரையும் சேத்துச் சொல்லிரிக்கானே மகள்.” அவருக்கு அதுதான் தாங்கவில்லை.

எனக்குத் தாங்காதது வேறு. பேர் கொடுத்ததே ஒரு திட்டமாக இருக்குமோ? நேரில் வந்து சொல்லத் துணிவில்லாமல் படத்தில் வைத்துச் சொல்லிவிட்டாரோ? அங்கே அவரைச் சுற்றி எத்தனை நடிகைகள், எல்லோருக்கும் அளவெடுக்கிறவர் இவர். பெருநாளைக்கு நபீலாவுக்குக் கவுன் தைத்து அனுப்புகிறேன், அளவு எழுது என்று கேட்டார். எழுதினேன். இரண்டு பெருநாள் போய்விட்டது. கவுன் வரவில்லை. பெற்ற பிள்ளையின் கவுனையே மறந்தவர் என்னையா நினைத்திருப்பார்?

புதன்கிழமை காலை வாப்பாவிடம் போய் நின்றேன். “ஊரெல்லாம் பாத்திரிக்கி. எனக்கு விழுந்தத நான் பாக்கப்படாதா?”

வாப்பா என்னை நிமிர்ந்து பார்த்தார். “போ மகள். நாச்சியாவையும் கூட்டிட்டுப் போ.”

திரை கட்டின வண்டிலில் பாண்டிருப்பைத் தாண்டிப் போனோம். என் வாழ்நாளில் தியேட்டருக்குள் கால் வைத்தது அன்றுதான். பெண்களுக்குத் தனியாகச் சாக்கு மறைப்புக் கட்டின பக்கம். உள்ளே இருட்டு, வெக்கை, காலடியில் கச்சான் கடலைக் கோது. படம் யாரோ ஒரு ஜமீந்தாரின் கதை. எனக்கு ஒன்றும் மண்டையில் ஏறவில்லை. இடைவேளைக்குப் பிறகு ஒரு பெரிய மண்டபம் வந்தது. கறுப்புக் கோட்டுப் போட்டு, தொப்பி வைத்து, அவர் நின்றார். கொஞ்சம் மெலிந்திருந்தார். கோட்டின் கழுத்து வெட்டு அச்சாவாக விழுந்திருந்தது. அந்த நேரத்திலும் என் கண் அதைத்தான் பார்த்தது, பாருங்கள்.

அவர் வாயைத் திறக்கப்போகிற நேரம் நான் கண்ணை இறுக மூடிக்கொண்டேன். பயம். வேறென்ன? குரல் மட்டும் வந்தது. என் பேர், வாப்பா பேர், பிறகு அந்தச் சொல், மூன்று தரம். மறைப்புக்குள் இருந்த பெண்கள் எல்லோரும் திரையை விட்டுவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார்கள்.

ஆனால் அந்தக் குரல் அவருடையது அல்ல! அது அடிவயிற்றில் இருந்து முழங்கியது. என் புருஷனின் குரல் மெல்லியது, மூக்கால் வருவது.

படம் முடிந்து வண்டிலடிக்கு வந்தபோது கதிர்காமத்தம்பி அண்ணன் நின்றார். பாண்டிருப்புக்காரர், தியேட்டரில் படம் ஓட்டுகிறவர், வாப்பா நெய்கிற சாரத்தை வாங்கி உடுக்கிறவர். திரையை விலக்காமலே கேட்டேன்.

“ஓம் தங்கச்சி, குரல் வேற ஆள்ர. எங்கட பேச்சு மதராசுக்காரருக்கு விளங்காதெண்டு பிறகு வேற ஆள வெச்சிக் கதைக்க விடுவாங்க. படம் புடிக்கக்குள்ள அவர் என்ன சொன்னாரோ, அது அழிஞ்சி போயிரும்.”

எனக்குப் பறக்கிற மாதிரி இருந்தது. வீட்டுக்கு வந்ததும் வாப்பா ஓடிப்போய் லெப்பையிடம் சொன்னார். போன வேகத்தில் திரும்பி வந்தார். முகம் செத்துப்போயிருந்தது.

“குரல் ஆர்ரயா இருந்தா என்ன எண்டு கேக்கார் மகள். படம் புடிக்கக்குள்ள அவன்ட வாய் அசைஞ்சிதானே இரிக்கி. சொல்லாம வாய் எப்படி அசையும் எண்டு கேக்கார்.”

லெப்பை கேட்டது நியாயம்தான். கண்ணை மூடிக்கொண்டிருந்த பேய்ச்சிக்குப் பதில் எங்கிருந்து வரும்?

வியாழக்கிழமை மறுபடியும் போனேன். நாச்சியா ராத்தாவுக்கு என் மேல் இரக்கமா, படத்தின் மேல் ஆசையா தெரியாது, அவளும் வந்தாள். இந்தத் தரம் வாப்பாவின் தறியில் இருந்து கொஞ்சம் பஞ்சு எடுத்துக்கொண்டேன். மண்டபம் வந்ததும் இரண்டு காதிலும் அடைத்துக்கொண்டேன். அந்த முழக்கம் என் கண்ணைக் கெடுத்துவிடக் கூடாது. பேர் வருகிற இடத்தில் நாச்சியா ராத்தா என் விலாவில் இடித்தாள்; திரையில் அழுகிற அந்தப் பெண்ணின் முகம்தான் இருந்தது. அடுத்தது அவர் முகம், திரை நிறைய.

கண்ணைச் சிமிட்டாமல் அவர் வாயைப் பார்த்தேன்.

உதடு வலப்பக்கம் இறுகியிருந்தது. அங்கே குண்டூசி இருக்கிற மாதிரியே. இடது கடைவாய் மட்டும் அசைந்தது. முதல் தரம் எனக்குப் பிடிபடவில்லை. இரண்டாம் தரம் உதடு ஒட்டி ஒட்டிப் பிரிந்தது. அப்போதுதான் பார்த்தேன், என் வலது கை முதல் தரத்தில் இருந்தே மடியில் தானாக எழுதிக்கொண்டிருந்தது. மூன்றாம் தரத்தையும் எழுதியது. பிறகுதான் கை எழுதினதை நான் வாசித்தேன்.

நீளம் பதினெட்டு. மார்பு இருபது. கை நாலரை.

“அல்லாஹ்வே!” என்று கத்திவிட்டேன். காதில் பஞ்சு இருந்ததால் எவ்வளவு சத்தமாகக் கத்தினேன் என்று எனக்குத் தெரியாது. ஆண்கள் பக்கத்தில் இருந்தும் சத்தம் போட்டார்களாம், நாச்சியா ராத்தா பிறகு சொன்னாள்.

வீட்டுக்கு வந்து அளவுக் கொப்பியைத் தேடி எடுத்தேன். கடைசிப் பக்கத்தில் என் கையெழுத்தில் இருந்தது: ‘நபீலா. நீளம் 18. மார்பு 20. கை 4½.’ அதைப் பார்த்துத்தான் அவருக்கு எழுதி அனுப்பியிருந்தேன். அந்த மனுசன் அந்தச் சொல்லைச் சொல்லப் பயந்து, வாய் அசைய வேண்டுமே என்று, எங்கள் மகளின் கவுன் அளவைச் சொல்லியிருக்கிறார். நான் அழுதேன். ஆனால் இதை யார் நம்புவார்கள்? புருஷன் வாயைப் பார்த்தேன் என்று பெண்டாட்டி சொன்னால் அது ஒரு சாட்சியா? அந்த இரவு முழுக்க மெசினில் கை வைத்தபடி இருந்தேன்.

ஜும்ஆ முடிந்து லெப்பையின் வீட்டு முன் அறையில் ஒரு பத்து ஆண்கள் கூடினார்கள். நானும் லெப்பையின் மனைவி சபியா உம்மாவும் திரைச்சீலைக்கு இந்தப் பக்கம் இருந்தோம். வெளியே ஒரு வண்டில் நின்றது. அது மெசினுக்கு வந்ததா, யாராவது ஏறி வந்ததா என்று கேட்கக்கூட எனக்குத் தைரியம் இல்லை.

நான் சீலைக்கு அடியால் கொப்பியை நீட்டி, நடந்ததைச் சொன்னேன். லெப்பை கொப்பியைப் பார்த்தார்.

“மகள், நீ பொய் சொல்றாய் எண்டு நான் சொல்லல்ல. ஆனா உனக்கு அப்படி விளங்கிச்சி எண்டதுக்காக எப்படி முடிவெடுக்க?”

“லெப்பை, அந்தச் சொல்லச் சொல்லிப் பாருங்க,” என்றேன். “அதச் சொல்லக்குள்ள ரெண்டு உதடும் ஒட்டாது. நீளம், பதினெட்டு, மார்பு எண்டா ஒட்டும். படத்துல அவர்ர உதடு ஒட்டிச்சி.”

லெப்பை யோசித்துவிட்டு, வாயைத் திறந்தார். “த...”

“இஞ்ச பாருங்க!” என்று சபியா உம்மா போட்ட சத்தத்தில் சீலையே ஆடியது. “அந்தச் சொல்ல நீங்க வாயால எடுக்கப்படாது!”

லெப்பை டக்கென்று வாயை மூடினார். மற்றவர்களைப் பார்த்தார். ஒவ்வொருவரும் தரையைப் பார்த்தார்கள். பத்துப் பேரும் குடும்பஸ்தர்கள். யார் சொல்வது?

“நான் சொல்றன்,” என்றார் வாப்பா. “என்ட மனிசி மௌத்தாகி ஏழு வருசம். எனக்கு முறிய ஒண்டும் இல்ல.”

வாப்பா நடுவில் வந்து நின்றார். நான் சீலையின் ஓரத்தால் பார்த்தேன். லெப்பை கண்ணாடியைப் போட்டுக்கொண்டு அவர் முகத்துக்கு நேரே குனிந்தார். வாப்பா அந்தச் சொல்லை மூன்று தரம் சொன்னார். உம்மா உயிரோடு இருந்த காலத்தில் அவர் கோபத்தில்கூட எடுக்காத சொல். மூன்றாம் தரம் குரல் உடைந்தது. உதடு மூன்று தரமும் ஒட்டவில்லை.

“சரிதான்,” என்றார் லெப்பை. “இப்ப படத்துல அவன்ட உதடு ஒட்டிச்சா இல்லயா? ஆரு கண்ட?”

யாரும் கண்டதாகச் சொல்லவில்லை. சொன்னால் தியேட்டருக்குப் போனதாக ஆகிவிடும், அதுவும் லெப்பையின் வீட்டில், ஜும்ஆ முடிந்த கையோடு. இத்தனை நாளும் சந்தியில் நின்று நடித்துக் காட்டியவர்களில் ஐந்தாறு பேர் அங்கேதான் இருந்தார்கள். ஒருத்தராவது வாய் திறக்கிறார்களா என்று பார்த்தேன். என் குடும்பம் இவர்களுடைய வெட்கத்தில் தொங்கியது.

கடைசியில் மூலையில் இருந்து ஒருத்தர் இருமினார். நாச்சியா ராத்தாவின் புருஷன் அப்துல் கபூர் காக்கா.

“ஒட்டிச்சி லெப்பை. நல்லா ஒட்டிச்சி. குரலுக்கும் வாய்க்கும் பொருந்தவே இல்ல. நாங்க அதுக்குச் சிரிச்ச நாங்க.”

“நீ படத்துக்குப் போன?”

“ஓம்.” அவர் தலையைக் குனிந்துகொண்டார். “மூணு தரம்.”

அதற்குப் பிறகு இன்னும் இரண்டு பேர் வாயைத் திறந்தார்கள். லெப்பை அவர்களை ஒரு பார்வை பார்த்துவிட்டு, கிதாபை விரித்து வெகுநேரம் வாசித்தார். பிறகு மூடினார்.

“அவன் அந்தச் சொல்லச் சொன்னதுக்குச் சாட்சி இல்ல. சொல்லல்ல எண்டதுக்குச் சாட்சி இரிக்கி. சந்தேகத்தால நிக்காஹ் முறியாது. புள்ள வீட்ட போகட்டும்.”

சபியா உம்மா என்னைக் கட்டிக்கொண்டாள். வாப்பா வெளியே போய் அந்த வண்டிலைத் திருப்பி அனுப்பினார். அது மெசினுக்குத்தான் வந்திருந்தது.

வீட்டுக்கு வந்து முகம் கழுவினேன். நபீலா மெசினுக்குப் பக்கத்தில் இருந்து நூல்கட்டையை உருட்டி விளையாடிக்கொண்டிருந்தாள். “என்ட வாப்பா எப்ப வருவார்” என்று கேட்கிறதை அவள் விட்டு ஒரு வருஷம் இருக்கும். அவளைக் கூப்பிட்டு நிறுத்தி, அவருடைய அளவு நாடாவை எடுத்துத் தோளில் வைத்து இறக்கினேன். பதினெட்டு அவளுடைய தொடைக்கு மேலேயே முடிந்துவிட்டது. நாடாவைப் பிடித்தபடி நான் தரையில் குந்திவிட்டேன். அவர் மறக்கவில்லை. ஆனால் அவர் மனதில் இருக்கிற பிள்ளை இப்போது இந்த வீட்டில் இல்லை.

அன்றைக்கே கடிதம் எழுதினேன். லெப்பையையும் தியேட்டரையும் பற்றி ஒரு வார்த்தை எழுதவில்லை. “நீளம் இருபத்திரண்டு, மார்பு இருபத்திரண்டரை, கை ஐந்தரை” என்று எழுதினேன். எழுதினதைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பிறகு மூன்றையும் வெட்டிவிட்டு, கீழே எழுதினேன்: “கவுன் அனுப்ப வேண்டாம். வந்து அளவெடுங்கள்.”